நெட் ஆங்கிலம்: மூன்றாவது முறையில் தேறியது எப்படி

முந்தாநாள் நெட் (கல்லூரி ஆசிரியர் பணிக்கான தேசியத் தகுதித் தேர்வு) ரிசல்ட் வந்தது. உதவிப் பேராசிரியர் தகுதி கிடைத்துவிட்டது, ஜேஆர்எஃப் என்ற ஆய்வு உதவித்தொகை தவறிவிட்டது. அம்மாவிடம் போனில் சொல்லும்போது எனக்குப் பேச்சே வரவில்லை. மூன்று வருடம்.

முதல் தாளுக்குப் பழைய வினாத்தாள்களைப் போட்டுப் பாருங்கள், போதும். நான் முதல் இரண்டு முறையும் அடிபட்டது ஆங்கில இலக்கியத்துக்கான இரண்டாம் தாளின் கால வரிசைக் கேள்விகளில், அதாவது நூல்களை வெளிவந்த ஆண்டுப்படி அடுக்கச் சொல்லும் கேள்விகளில். கைடில் இருந்த ஆண்டுப் பட்டியலைச் சுவரில் ஒட்டிவைத்து மனப்பாடம் செய்தேன். ஹாலில் உட்கார்ந்ததும் 1667, 1678, 1687 எல்லாம் ஒன்றுபோலவே தெரிந்தன.

இரண்டாவது தோல்விக்குப் பிறகு பாடப் புத்தகத்தைத் தொடவே பிடிக்கவில்லை. அப்போது நூலகத்தில் எடுத்ததுதான் ஹெர்மன் ஹெஸ்ஸேயின் ‘கண்ணாடி மணி விளையாட்டு’, ஆங்கில மொழிபெயர்ப்பில். 1943இல் சூரிச்சில் வெளிவந்த ஜெர்மன் நாவல். எதிர்காலத்தில் காஸ்டாலியா என்றொரு மாகாணம், முழுக்க அறிஞர்களுக்கானது. அங்கே வளர்ந்து, கலைகளையும் அறிவுத் துறைகளையும் இணைத்து அவர்கள் ஆடும் அந்த விளையாட்டின் தலைமை ஆசான் பதவிவரை போய், பிறகு அதை உதறிவிட்டு வெளியேறும் யோசப் க்னெஹ்ட் என்பவனின் வாழ்க்கை வரலாறாகவே நாவல் எழுதப்பட்டிருக்கிறது.

என்னைப் பிடித்து நிறுத்தியது ஒரு சின்ன விஷயம். பள்ளியை முடித்த மாணவர்கள் அங்கே இஷ்டப்பட்டதைப் படிக்கலாம். கட்டாயம் ஒன்றே ஒன்றுதான்: ஆண்டுக்கு ஒரு ‘வாழ்க்கை’ எழுதித் தர வேண்டும். பழைய காலம் ஏதாவது ஒன்றில் தானே பிறந்து வாழ்ந்ததாக நினைத்துக்கொண்டு எழுதும் தன்வரலாறு. க்னெஹ்ட் எழுதிய மூன்றும் நாவலின் கடைசியில் இருக்கின்றன. ஒன்றில் ஆதிகால மழை வரவழைப்பவன், அடுத்ததில் பாலைவனத் துறவி, மூன்றாவதில் தாசா என்ற இந்திய இளவரசன். க்னெஹ்ட் என்றால் ஜெர்மனில் ஊழியன். துறவியின் பெயரில் வரும் ஃபாமுலுஸ் லத்தீனில் ஊழியன். தாசா யாரென்று நமக்குச் சொல்ல வேண்டியதில்லை. இதைக் கண்டுபிடித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

மறுநாள் காலையே பட்டியலைக் கிழித்துப் போட்டுவிட்டு, கோடு போடாத நோட்டில் என் முதல் ‘வாழ்க்கை’யை எழுதினேன்:

“நான் லண்டனில் பெண் வேஷம் கட்டும் பையன். 1642 செப்டம்பரில் பாராளுமன்றம் நாடகத்தைத் தடை செய்துவிட்டது. வயிற்றுப்பாட்டுக்கு மூட்டை தூக்கினேன். 1660இல் ராஜா திரும்பி வந்து கொட்டகை திறந்தபோது ஓடிப்போய் நின்றேன். என் வேஷத்தை ஒரு பெண்ணே கட்டிக்கொண்டிருந்தாள். 1665இல் கொள்ளைநோய், அடுத்த வருடம் ஊரே எரிந்தது. அதற்கும் அடுத்த வருடம் கண் தெரியாத கிழவர் ஒருவரின் பெரிய காவியம் கடைக்கு வந்தது.”

அந்தக் கிழவர் மில்டன், காவியம் ‘பாரடைஸ் லாஸ்ட்’. 1642, 1660, 1667. மூன்றும் இன்றுவரை குழம்பவில்லை. அந்தப் பையனுக்கு என்ன வயது என்று கணக்குப் போட்டாலே வரிசை வந்துவிடும்.

செய்யும் விதம்:
- ஒரு காலகட்டத்துக்கு ஒரே பக்கம். அதற்கு மேல் வேண்டாம்.
- ஆள் எழுத்தாளராக இருக்கக் கூடாது. அச்சுக்கோப்பவர், புத்தகக் கடைப் பையன், நடிகை என்று யாராவது.
- ஆண்டு ஒவ்வொன்றும் அந்த ஆளுக்கு நேர்ந்த நல்லதோ கெட்டதோ ஒன்றோடு சேர்ந்து வர வேண்டும்.
- எழுதி முடித்த பிறகு ஆண்டுகளைச் சரிபாருங்கள். தப்பை மனப்பாடம் செய்துவிட்டால் அழிப்பது கஷ்டம்.

குறிப்பெடுத்துக்கொண்டே இருக்காதீர்கள். க்னெஹ்ட்டே 18ஆம் நூற்றாண்டில் நடப்பதாக நான்காவது வாழ்க்கை ஒன்றுக்குத் தகவல் சேர்த்து, முடிக்காமல் விட்டவன். விக்டோரியா காலத்துக்கு நானும் ஒரு மாதம் தகவல் சேர்த்தேன், ஒரு வரிகூட எழுதவில்லை. இந்த முறையும் மார்க் போனது அங்கேதான்.

கூட்டமாகப் படித்தால் வரும் என்பவர்களுக்கு இது ஒத்துவருமா தெரியாது. நான் தனியாகத்தான் படித்தேன், விடியற்காலை நாலரை மணிக்கு, வீட்டில் யாரும் எழுவதற்கு முன்னால்.

நாவலைப் படிப்பதானால் 1969இல் வந்த வின்ஸ்டன் தம்பதியின் ஆங்கில மொழிபெயர்ப்பை எடுங்கள். முன்னுரைப் பகுதி இழுக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். நேரம் இல்லையென்றால் தாசாவின் கதையை மட்டுமாவது படியுங்கள்.

ஜேஆர்எஃப்புக்கு மறுபடி எழுதப்போகிறேன். நோட்டில் பதினொரு பக்கம் மிச்சம் இருக்கிறது. இன்று காலை விக்டோரியா காலத்துக்கு ஒரு தபால்காரரைப் பிடித்தேன்.