வட்டாரத்தில் வென்றவர் மாவட்டத்தில் கேட்டபோது

மாநகர சபையில் ஒழுங்காக வேலை செய்தால் பாராளுமன்றத்துக்கு வழி தானாகத் திறக்கும் என்று எங்கள் பக்கத்தில் பலர் நினைக்கிறார்கள். 2020 பொதுத்தேர்தலில் எங்கள் வட்டாரத்து உறுப்பினருக்காக யாழ்ப்பாணத் தேர்தல் மாவட்டம் முழுக்க ஓடித் திரிந்தவன் நான். இனிமேல் தேர்தல் கேட்க நினைப்பவர்களுக்கு உதவட்டும் என்று இதை எழுதுகிறேன்.

அவரை அண்ணை என்றே சொல்கிறேன். 2018 பெப்ரவரி 10ஆம் திகதி நடந்த உள்ளூராட்சித் தேர்தலில் கலப்பு முறை வந்தது. யாழ். மாநகர சபையின் 45 இடங்களில் 27 வட்டாரங்களுக்கு, மிச்சம் கட்சிகள் எடுத்த வாக்கு வீதப்படி பட்டியலுக்கு. அண்ணை வட்டாரத்தில் நின்று சில நூறு வாக்குகளால் வென்றார். மாரியில் எந்த ஒழுங்கையில் வெள்ளம் நிற்கும், எந்த மதகு அடைபடும், யாருடைய வீட்டுக்கு முன்னால் தெருவிளக்கு எரியவில்லை என்பதெல்லாம் அவருக்குத் தெரியும். குப்பை எடுக்கும் உழவு இயந்திரம் வராவிட்டால் சனம் சபைக்குப் போன் எடுக்காது, அவருக்குத்தான் எடுக்கும். வட்டாரத் தேர்தலுக்கு அது போதும்.

பாராளுமன்றத் தேர்தல் வேறு. 1960இல் அல்பிரட் துரையப்பா, தமிழ்க் காங்கிரஸ் தலைவர் ஜி. ஜி. பொன்னம்பலத்தைத் தோற்கடித்துப் பாராளுமன்றம் போனபோது யாழ்ப்பாணம் என்பது ஒரு தனித் தொகுதி. நகரத்தைக் கையில் வைத்திருந்த ஒருவரால் அது முடிந்தது. 1989இலிருந்து முழு மாவட்டமும் ஒரே களம். அதற்குள் ஊர்காவற்றுறையிலிருந்து கிளிநொச்சி வரை 11 தொகுதிகள், 2020இல் ஐந்து லட்சத்து எழுபதாயிரத்துக்கு மேல் வாக்காளர்கள், 7 ஆசனங்கள். அப்போது ஒரு கட்சியின் பட்டியலில் 10 பேர். வாக்காளர் முதலில் கட்சிக்குப் புள்ளடி போட வேண்டும், பிறகு கீழே உள்ள இலக்கங்களில் விரும்பினால் மூன்று பேருக்குப் போடலாம், அதுதான் விருப்பு வாக்கு. மூன்றுக்கு மேல் போட்டால் கட்சி வாக்கு செல்லுபடியாகும், விருப்பு வாக்கு போய்விடும்.

இதை வீட்டு வாசலில் விளங்கப்படுத்துவதுதான் எங்கள் பெரிய வேலை. மாதிரி வாக்குச்சீட்டை நீட்டினால் பல அம்மாமார் சின்னத்தைப் பார்த்ததும் "இதுக்குத்தானே, போடுறன் தம்பி" என்று சீட்டைத் திருப்பித் தந்துவிடுவார்கள். இலக்கத்தைக் காட்டினால், "ஒரு கட்சிக்குள்ள ஏன் பிள்ளை இத்தனை பேர்?" என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. ஒரே பட்டியலில் நிற்கிறவர்கள்தான் ஒருவருக்கொருவர் முதல் போட்டி. மேடையில் பக்கத்துக் கதிரையில் இருப்பவர் இறங்கியதும் தன் இலக்கத்தை மட்டும் சொல்லிக்கொண்டு போவார். மூன்று பேர் சேர்ந்து ஒரே துண்டுப்பிரசுரம் அடித்துக் கொடுப்பதும் உண்டு. அண்ணையை அப்படி யாரும் சேர்க்கவில்லை. நகரத்துக்கு வெளியே அவரால் தங்களுக்கு வாக்கு வராது என்று கணக்குப் பார்த்திருப்பார்கள்.

அதோடு கொரோனாவும் வந்தது. கச்சேரியில், அதாவது மாவட்டச் செயலகத்தில், வேட்புமனு ஏற்பது 2020 மார்ச் 19ஆம் திகதி முடிந்தது. மறுநாளே ஊரடங்கு. ஏப்ரல் 25 என்று இருந்த தேர்தல் ஜூன் 20 ஆகி, கடைசியில் ஓகஸ்ட் 5இல் நடந்தது. அந்த மாதங்களில் அண்ணை வட்டாரத்தில் அரிசி, பருப்பு, மருந்து சேர்ப்பிப்பதிலேயே நின்றார். அது அவர் செய்ய வேண்டிய வேலை, அதில் எனக்கு இன்றைக்கும் பெருமைதான். ஆனால் அந்த உழைப்பு சாவகச்சேரிக்கோ பருத்தித்துறைக்கோ தெரியவரவில்லை.

நெடுந்தீவுக்குப் போன நாள் மறக்க முடியாது. குறிகட்டுவானில் படகேறிப் போய் இறங்கினோம். கடை வாசலில் ஒரு ஐயா அண்ணையின் கதை முழுவதையும் பொறுமையாகக் கேட்டார். வாய்க்கால், தெருவிளக்கு, நகரச் சந்தை எல்லாம். பிறகு, "நல்லது தம்பி. எங்கட குடிதண்ணிக்கும் படகுக்கும் என்ன செய்வியள்?" என்றார். அண்ணை பொய் சொல்லவில்லை. படித்துவிட்டு வருகிறேன் என்றார். படகில் திரும்பும்போது அவர் வாய் திறக்கவேயில்லை. அப்புறம் ஒவ்வொரு தொகுதிக்கும் போகுமுன் அந்த இடத்தின் பிரச்சினைகளை ஊர் ஆட்களிடம் கேட்டு ஒரு கொப்பியில் எழுதிக்கொண்டு போனார்.

வாக்களிப்பு நாளில் சனம் முகக்கவசம் போட்டு, சொந்தப் பேனையோடு வந்தது. மறுநாள்தான் எண்ணத் தொடங்கினார்கள். யாழ். மத்திய கல்லூரிப் பக்கம் கட்சி முடிவு வந்த பிறகும் நாங்கள் காத்திருந்தோம், ஏனென்றால் விருப்பு வாக்கு கடைசியில்தான் வரும். மாவட்டத்தில் கூடிய விருப்பு வாக்கு சுதந்திரக் கட்சியின் அங்கஜன் இராமநாதனுக்கு, 36,365. அண்ணைக்குக் கிடைத்ததில் பெரும்பகுதி யாழ்ப்பாணம், நல்லூர்த் தொகுதிகளில் விழுந்தவை. தெரிவாக அது காணாது.

எனக்கு ஆதங்கம் வேறு. சபைக்கும் பாராளுமன்றத்துக்கும் நடுவில் ஒரு படி இருக்கிறது, மாகாண சபை. அதில் யாழ். மாவட்டத்துக்கு மட்டும் 16 இடம், கிளிநொச்சி தனி மாவட்டம். நெடுந்தீவின் தண்ணீரையும் வடமராட்சியின் வீதியையும் ஒரு உறுப்பினர் படித்து வளரக்கூடிய இடம் அது. வட மாகாண சபைக்கு 2013 செப்டெம்பர் 21இல் முதற்தடவையாகத் தேர்தல் நடந்தது, 2018 ஒக்டோபரில் காலம் முடிந்தது. அதற்குப் பிறகு கலைந்த சபைக்கு ஆண்டுக்கணக்கில் தேர்தலே வைக்கவில்லை. 2017இல் தேர்தல் முறையை மாற்றினார்கள், அதற்கான தொகுதி எல்லை நிர்ணய அறிக்கையைப் பாராளுமன்றம் தோற்கடித்தது, விஷயம் அப்படியே கிடந்தது. இந்தத் தேர்தலைக் கேட்டு எங்கள் கட்சிகள் எல்லாம் ஒரே குரலில் நின்றிருக்க வேண்டும். பழைய முறையிலேயே வைத்தாலும் சரி, வைக்க வேண்டும்.

அண்ணை 2023 மார்ச்சில் சபைக் காலம் முடியும் வரை உறுப்பினராக இருந்தார். அந்தக் கொப்பி இப்போது மூன்றாகிவிட்டது. தென்மராட்சியிலும் தீவகத்திலும் தெரிந்தவர்கள் வீட்டுக்குப் போய், தேர்தல் இல்லாத காலத்திலேயே கதைத்துவிட்டு வருகிறார். மாகாண சபைக்கு எப்போது அறிவித்தாலும் கேட்பார், நானும் கூட நிற்பேன். தீவுப் பக்கம்தான் எங்களுக்கு இன்னும் ஆள் காணாது. அங்கே இருந்து யாராவது சேர்ந்தால் நெடுந்தீவிலிருந்துதான் தொடங்குவோம்.