ஆக்ரா ஓயாவின் தலைமாட்டில் ஒரு நாள்

கனடாவில் இருக்கும் என் தம்பி போன ஆகஸ்டில் ஜாஸ்பர் தேசியப் பூங்காவுக்கு ஒருநாள் சுற்றுலா போய் வந்தான். அங்கே அதபாஸ்கா என்று ஒரு பனியாறு. பெரிய பெரிய சக்கரம் வைத்த பஸ்ஸில் ஏற்றி, வழிகாட்டியோடு அந்தப் பனிக்கட்டியின் மேலேயே கொண்டுபோய் இறக்கி விடுகிறார்களாம். இரவு வீடியோ கோலில் அம்மாவுக்குப் படம் படமாகக் காட்டினான். பாதையோரத்தில் ஆண்டு எழுதிய பலகைகள் நிற்கின்றன; அந்தந்த ஆண்டில் பனி அந்த இடம் வரைக்கும் இருந்தது என்று அர்த்தம். நூற்றிருபத்தைந்து வருடத்துக்குள் ஒன்றரைக் கிலோமீட்டருக்கு மேல் பின்னுக்குப் போய்விட்டது. அந்த மலையுச்சிப் பனிவயலில் உருகும் தண்ணீர் மூன்று திசைக்குப் பிரிந்து மூன்று சமுத்திரத்தில் சேர்கிறது என்றும் சொன்னான்.

அம்மா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார். கோல் முடிந்ததும் என்னைப் பார்த்தார்.

"ஏன் புள்ள, நம்ம ஆத்துத் தண்ணி எங்கருந்து வருது? எங்க போவுது?"

நான் பதினான்கு வருடமாகத் தோட்டத்துப் பாடசாலையில் புவியியல் படிப்பிக்கிறவள். இலங்கையின் நீளமான ஆறான மகாவலி 335 கிலோமீட்டர், மலைக்கு மேலே உள்ள ஹோர்டன் சமவெளிப் பக்கத்தில் தொடங்கித் திருகோணமலையில் கடலில் விழுகிறது என்று எத்தனையோ பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். அந்த மகாவலிக்குப் போய்ச் சேரும் தண்ணீரில்தான் அம்மா எங்கள் துணியெல்லாம் துவைத்தார் என்பதை அம்மாவிடம் ஒரு நாளும் சொன்னதில்லை. எங்கள் தேயிலைத் தோட்டம் மலையகத்தில், அக்கரப்பத்தனையில். கீழே ஓடுவது ஆக்ரா ஓயா. அது அந்தச் சமவெளியில் பிறந்து, கொத்மலை ஓயாவோடு கலந்து, மகாவலியில் சேர்கிறது.

"ஹோர்டன் சமவெளியில இருந்து வருதும்மா."

"அந்த எடத்த நீ பாத்தியா?"

ஒரு தடவை ஆசிரியர்களோடு போயிருந்தேன். அன்றைக்கு வந்த வழிகாட்டி வாய் திறந்ததெல்லாம் ஆங்கிலத்தில்தான். பள்ளத்தைப் பார்த்தோம், படம் பிடித்தோம், திரும்பினோம். தண்ணீரைப் பற்றி யாரும் பேசவில்லை. அம்மாவோ போனதே இல்லை. பதினாலு வயதில் கொழுந்துக் கூடையைத் தலையில் மாட்டியவர், நாற்பத்தொரு வருடம் பேர் விழுந்தவர், அதாவது தோட்டத்தில் நாள் சம்பளத்துக்கு வேலை செய்தவர். வாசலில் நின்றால் தெரிகிற மலைக்கு விறகு பொறுக்கக் காட்டு ஓரம் வரைக்கும் போனதோடு சரி. அந்தக் கேள்விக்குப் பிறகு எனக்கு மனசு ஆறவில்லை.

பெப்ரவரியில்தான் நேரம் கூடி வந்தது. சமவெளிக்கு அதுதான் நல்ல காலமும்கூட. நுவரெலியாவில் வேனோடு வழிகாட்டியும் சேர்த்து ஒழுங்கு செய்கிற ஒருவரிடம் கேட்டேன். தமிழில் விளக்குகிற ஆள்தான் வேண்டும், இல்லாவிட்டால் நாங்கள் வரவில்லை என்று கண்டிப்பாகச் சொன்னேன். பட்டிப்பொலப் பக்கத்துத் தோட்டப் பையன் ஒருவரை அனுப்பினார். தங்கமான பையன்.

விடிய 4.45-க்குப் புறப்பட்டோம். வேனில் நாங்கள் இரண்டு பேர், யாழ்ப்பாணத்தில் இருந்து ஒரு குடும்பம், மூதூரில் இருந்து வயதான ஒரு கணவன் மனைவி. அம்பேவலைக்கு மேலே ஏறும்போது வெளிச்சம் வந்தது. புல்லெல்லாம் உப்புத் தூவினாற்போல வெள்ளையாகக் கிடந்தது. யாழ்ப்பாணத்துப் பிள்ளைகள் "ஸ்னோ, ஸ்னோ" என்று கத்தினார்கள். "ஸ்னோ இல்ல கண்ணு, பனி ஒறஞ்சது. இது விழுந்தா கொழுந்து கருகிப் போவும். அன்னைக்கு மலையில நிக்கவே ஏலாது, வெரலு மரத்துரும்" என்று அம்மா சொன்னார். வழிகாட்டிப் பையன் திரும்பிப் பார்த்துச் சிரித்தார். அதற்குப் பிறகு அன்று முழுவதும் எதையும் அம்மாவைப் பார்த்துத்தான் விளக்கினார்.

வாசலில் பைகளைச் சோதித்தார்கள். பொலித்தீன் உள்ளே போகக் கூடாது. தண்ணீர்ப் போத்தலில் ஒட்டியிருக்கும் லேபலைக்கூடக் கிழித்து எடுத்துவிடுகிறார்கள். யாழ்ப்பாணத்துக் குடும்பம் லன்ச் ஷீட்டில் கட்டிக் கொண்டுவந்த சாப்பாட்டையெல்லாம் கடதாசிக்கு மாற்ற வேண்டியதாயிற்று. அம்மா ரொட்டியையும் சம்பலையும் தன் பழைய சேலைத் துணியில் முடிந்து கொண்டுவந்திருந்தார். அவருக்கு ஒரு பிரச்சினையும் இல்லை. எதற்கு இவ்வளவு கண்டிப்பு என்று அம்மா கேட்டார். "மரை மான் திண்டுறும்மா. செத்த மரையோட வயித்துல பொலித்தீன் உருண்டை உருண்டையா இருந்திருக்கு" என்றார் பையன். அம்மா முகம் சுருங்கியது. சற்றுத் தள்ளி, வாகனம் நிறுத்தும் இடத்திலேயே ஒரு கொம்பன் மரை யாருக்கும் பயப்படாமல் நின்றது. மனிதர்கள் பாண் துண்டு போட்டுப் பழக்கிவிட்டார்கள். செய்யவே கூடாத வேலை அது.

சுற்றுப்பாதை ஒன்பது கிலோமீட்டருக்குக் கொஞ்சம் மேலே. பள்ளத்தாக்கை மூட்டம் மூடுவதற்குள் உலக முடிவு என்கிற செங்குத்துப் பள்ளத்தின் விளிம்புக்குப் போய்ச் சேர்ந்துவிட வேண்டும் என்பதால் முதலில் சின்ன உலக முடிவு, பிறகு பெரியது, திரும்பும் வழியில் பேக்கர் நீர்வீழ்ச்சி என்று வைத்திருந்தார். அறுபத்தெட்டு வயதில் அம்மா நடந்த நடையை நான் சொல்லியாக வேண்டும். செங்குத்து மலையில் கூடையோடு ஏறி இறங்கிய கால் அது. எனக்கு மூச்சு வாங்கியது, அவருக்கு இல்லை.

கொஞ்ச தூரம் திறந்த புல்வெளி, பிறகு காடு. இந்தக் காட்டு மரங்கள் உயரமாக வளர்வதில்லை. காற்றுக்குக் குனிந்து, கை கால் முறுக்கி, குடை விரித்தாற்போல நிற்கின்றன. எல்லாக் கிளையிலும் பாசி. சிலதில் நரைத்த தாடி மாதிரித் தொங்குகிறது. வானம் சுத்தமாக இருந்தது, ஆனாலும் காட்டுக்குள் சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விழுந்துகொண்டிருந்தது. பையன் நின்றார். விழுந்து கிடந்த ஒரு மரத்தைக் காட்டி, "அம்மா, இந்தப் பாசியில கைய வச்சு மெதுவா அமுக்கிப் பாருங்க" என்றார். அம்மா உள்ளங்கையை வைத்து அமுக்கினார். விரல் இடுக்கெல்லாம் தண்ணீர் வழிந்து மணிக்கட்டில் இறங்கியது. கையை எடுத்ததும் பாசி மெல்ல எழும்பிப் பழையபடி நின்றது.

"நனஞ்ச கம்பளியப் புழிஞ்ச மாதிரி இருக்கு" என்றார் அம்மா.

"அதேதாம்மா. மழையே பெய்யாட்டியும் மூட்டம் வந்து இந்த எலையிலயும் பாசியிலயும் படியும். மரம் அதப் புடிச்சு மண்ணுக்குள்ள எறக்கும். இங்கருந்து ஒரு பக்கம் மகாவலி, ஒரு பக்கம் களனி, ஒரு பக்கம் வளவை. மூணு ஆத்துக்கும் தல இங்கதான்."

எனக்கு மயிர் சிலிர்த்தது. தம்பி சொன்ன அதே மூன்று! அங்கே பனிக்கட்டி தேக்கி வைக்கிறது, இங்கே பாசியும் புல்லும் மண்ணும் தேக்கி வைக்கின்றன. களனி கொழும்புக்குப் போகிறது, வளவை தெற்கே அம்பலாந்தோட்டைப் பக்கம் கடலில் விழுகிறது. மகாவலி...

"மகாவலி எங்கட ஊருக்கு வருது" என்றார் மூதூர்க்காரர். அவர் ஓய்வுபெற்ற விவசாயி. கொட்டியாரக் குடாவில்தான் ஆறு கடலைத் தொடுகிறது, அவர்கள் பக்கத்து வயலுக்கெல்லாம் மகாவலித் தண்ணீர்தான் உயிர் என்று விளக்கினார். அம்மா அவரை உற்றுப் பார்த்தார்.

"அப்ப நாங்க துணி தொவச்சு விட்ட தண்ணி ஒங்களுக்கா வருது?"

"ஓம் அக்கா, எங்களுக்குத்தான் வருது. அதிலதான் நெல்லு விளையுது" என்றார் அவர். அவருடைய மனைவி அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டார். பிறகு இரண்டு பேரும் ஒன்றாகத்தான் நடந்தார்கள். ஊர்க்கதை, பிள்ளைகள் கதை, முழங்கால் வலிக்கு எண்ணெய். நாங்கள் பின்னால் போனோம்.

உலக முடிவில் காலை எட்டரைக்கெல்லாம் நின்றோம். நிலம் சட்டென்று முடிந்துவிடுகிறது. கீழே ஏறக்குறைய 870 மீட்டர் பள்ளம். நல்ல தெளிவான நாளில் தெற்கே கடல் தெரியும் என்பார்கள். எங்களுக்கு அந்தத் திசையில் வெண்மையாக ஒரு கோடு மட்டும் தெரிந்தது. மற்றவர்கள் கடலைத் தேடிக்கொண்டிருக்க, அம்மா நேர் கீழே பார்த்துக்கொண்டிருந்தார். அங்கே நன்பேரியல் தோட்டம். தீப்பெட்டியை விடச் சின்னதாகக் கூரைகள்.

"அந்தா நீட்டமா இருக்கே, அது பெக்டரி. வரிசையா இருக்கிறது லயம். தள்ளி மரத்துக்கு நடுவுல இருக்கிறது தொர பங்களா. புள்ளக் காம்பிரா லயத்துக்குக் கிட்டத்தான் இருக்கணும்..."

தொழிலாளர் வீடுகள், துரை வீடு, குழந்தைகளைப் பார்க்கும் இடம் என்று, போகாத தோட்டத்தை மேலே இருந்து வாசித்தார். எல்லாத் தோட்டத்தையும் ஒரே மாதிரித்தானே கட்டினார்கள். ஒரு கூரையில் இருந்து புகை எழும்பியது. "தேத்தண்ணி ஊத்துறாங்க" என்றார். அப்புறம் ரொம்ப நேரம் பேசவில்லை. நானும் பேசவில்லை. கீழே இருந்து மேலே பார்த்தே வாழ்ந்தவர், ஒரு தடவை மேலே நின்று பார்க்கட்டும் என்று விட்டுவிட்டேன். ஒன்பதரைக்கு மூட்டம் பள்ளத்தில் இருந்து மேலே ஏறி எல்லாவற்றையும் மூடிவிட்டது.

பேக்கர் நீர்வீழ்ச்சி அழகுதான், இருபது மீட்டர் உயரம், கூட்டமும் அதிகம். எனக்கு அதைவிட மனதில் நின்றது அங்கே ரொட்டி தின்றுகொண்டே பையன் சொன்ன விஷயம். 1873-இல் ஜோசப் ஹூக்கர் என்ற தாவரவியலாளர், 5,000 அடிக்கு மேலே உள்ள காட்டை வெட்ட வேண்டாம் என்று பிரித்தானிய அரசாங்கத்துக்கு ஆலோசனை சொன்னாராம். அதனால்தான் இந்தக் காடு கோப்பிக்கும் தேயிலைக்கும் தப்பியது. அப்படியும் 1960-களில் சமவெளியில் உருளைக்கிழங்கு போட்டிருக்கிறார்கள். அந்த இடத்தையும் காட்டினார். 1988-இல்தான் இது தேசியப் பூங்காவானது. 2010-இல் மத்திய மலைநாட்டின் ஒரு பகுதியாக உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்ந்தது. இவ்வளவையும் பாடப்புத்தகம் பார்க்காமல், எங்கள் பேச்சில், எங்கள் பிள்ளை ஒருவர் சொல்லக் கேட்டது எனக்குப் பெரிய விஷயம். தமிழில் விளக்குகிற வழிகாட்டிகள் இன்னும் நிறையப் பேர் வர வேண்டும். கேளுங்கள், கேட்டால்தான் வருவார்கள்.

திரும்பி வாசலுக்கு வந்ததும் அம்மா அவரை நிறுத்தினார். "தம்பி, அக்கரப்பத்தனைக்கு வர்ற தண்ணி எந்தப் பக்கம்?" அவர் மேற்கே, கிரிகல்பொத்த மலைப் பக்கம் கையைக் காட்டினார். 2,389 மீட்டர், போய் வர ஒரு முழு நாள் வேண்டும். அம்மா அந்தப் பக்கம் திரும்பி, கும்பிடுவதுபோலக் கையைக் கூப்பி, கொஞ்ச நேரம் நின்றார்.

மறுநாள் பஸ்ஸில் தோட்டத்துக்குப் போனோம். வீட்டுக்குப் போகாமல் நேரே ஆற்றுக்கு இறங்கினார். துவைக்கிற கல்லில் இரண்டு பெண்கள் நின்றார்கள். கல்லுக்குக் கீழே, வேரில் சிக்கி, ஷம்பூ பக்கெட்டும் சவுக்காரத் தூள் உறையும் எப்போதும் கிடப்பதுபோலவே கிடந்தன. அம்மா சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு முழங்கால் தண்ணீரில் இறங்கி, ஒவ்வொன்றாக எடுத்து, ரொட்டி முடிந்த அதே துணியில் போட்டார்.

"என்னாக்கா செய்றீங்க?" என்று ஒருத்தி கேட்டாள்.

"இது மூதூருக்குப் போவுது புள்ள" என்றார் அம்மா. "அங்க எனக்குத் தெரிஞ்சவங்க இருக்காங்க."