ஐந்தா, ஆறா?

மெடிக்கல் கோடிங் வேலையில், அதாவது மருத்துவக் குறிப்புகளைப் படித்து நோய், காயங்களுக்குக் குறியீட்டு எண் (கோடு) போடும் வேலையில், என்னை ரொம்ப நாள் உறுத்திய கேஸ் இது. கண்ணாடி கிழித்து வலது ரேடியல் தமனி (கையில் கட்டைவிரல் பக்கமாக ஓடும் ரத்தக்குழாய்) அறுந்திருந்தது. அறுவை சிகிச்சைக் குறிப்பின் தலைப்பில் 'முன்கைக் காயம்' என்றிருந்தது. அதை நம்பி முன்கைக்கான எஸ்55.111ஏ போட்டேன். ஆடிட்டில் திரும்பி வந்தது. உள்ளே நான்காவது வரியில், 'மணிக்கட்டு மடிப்பில்' என்று தெளிவாகவே எழுதியிருந்தார்கள். சரியான கோடு, மணிக்கட்டுக்கான எஸ்65.111ஏ. ஒரே ஓர் எண்தான் வித்தியாசம்!

அதிலிருந்து தலைப்பை நம்புவதில்லை.

இந்தக் கோடுகள் இருக்கும் அமெரிக்கப் பட்டியலான ஐசிடி-10-சிஎம்மில் எஸ்65 முழுக்க மணிக்கட்டு, கை ரத்தக்குழாய்க் காயங்கள்தான். எஸ்65.0 அல்நார் தமனி (சுண்டுவிரல் பக்கம் ஓடுவது), எஸ்65.1 ரேடியல். உள்ளங்கையில் வளைந்து ஓடும் தமனி வளைவுகளில் மேலோட்டமானதற்கு எஸ்65.2, ஆழமானதற்கு எஸ்65.3. கட்டைவிரலுக்குத் தனியாக எஸ்65.4. மற்ற விரல்கள் எஸ்65.5-இல் வரும், எந்தக் கை, எந்த விரல் என்பதை ஆறாவது இடத்து எண் சொல்லிவிடும்.

கடைசி எழுத்து 'ஏ' என்றால் முதல் வருகை என்று நினைத்துக் குழம்புபவர்கள் அதிகம். (நானும்தான், ஆரம்பத்தில்.) காயத்துக்கான நேரடி சிகிச்சை நடந்துகொண்டிருக்கும்வரை 'ஏ'தான், எத்தனையாவது மருத்துவர் பார்த்தாலும்.

அப்புறம், திறந்த காயம் இருந்தால் அதற்கான எஸ்61-ஐயும் சேர்க்க வேண்டும். தமனிதான் முக்கியக் காயம் என்றால் எஸ்65 முதலில். அந்தக் கேஸில் எஸ்61-ஐயும் விட்டிருந்தேன். அதற்கும் சேர்த்தே திருப்பி அனுப்பியிருந்தார்கள்.