ஹாம்லெட் பக்கத்தில் மரியம்

ஷேக்ஸ்பியர் காலத்து லண்டன் மேடைகளில் டெஸ்டிமோனா, கிளியோபாட்ரா என்று பெண் வேடம் போட்டது எல்லாமே பையன்கள்தான் என்று பாளையங்கோட்டையில் எம்.ஏ. பிள்ளைகளிடம் சொன்னால் யாரும் பெரிதாக ஆச்சரியப்படுவதில்லை, சுடலைமாடன் கொடையில் மகுடம் என்ற தோல்கருவியின் சத்தத்துக்குச் சேலை கட்டி ஆடும் ஆண்களைப் பார்த்து வளர்ந்தவர்கள். எனக்கு முக்கியமாகப் படுவது அடுத்த கேள்வி. பெண்கள் எழுதினார்களா?

எழுதினார்கள். ஒரு பெண் சொந்தமாக எழுதி ஆங்கிலத்தில் அச்சான முதல் நாடகம் என்று எலிசபெத் கேரியின் மரியம் நாடகத்தைத்தான் சொல்கிறார்கள், 1613. ஏரோது ராஜா செத்துவிட்டான் என்று செய்தி வருகிறது, அவன் சாகமாட்டானா என்று நினைத்திருந்த மனைவி மரியம் இப்போது அழுகிறாள், ஏன் அழுகிறோம் என்று தன்னையே கேட்கிறாள். அந்தத் தொடக்கம் ஒன்றே போதும். பெண்ணிய ஆய்வாளர்கள் தோண்டி எடுத்ததால்தான் இது வகுப்பறைக்கு வந்தது. பாடத்திட்டம் போடுகிறவர்கள் தயவுசெய்து ஹாம்லெட்டுக்குப் பக்கத்திலேயே இதையும் வையுங்கள்.