கை நழுவிய சாக்கெட்

என் மேசையில் பன்னிரண்டு வருடம் ஒரு சாக்கெட்தான் பேப்பர் வெயிட்டாக இருந்தது. சாக்கெட் என்றால் ப்ளக் சொருகுவது இல்லை. போல்ட் தலையைக் கவ்விப் பிடித்துத் திருகுகிற இரும்புக் குப்பி. 36 எம்எம். ஒரு ஓரம் லேசாக நசுங்கியிருக்கும். மூன்றாவது பிளாட்பாரத்திலிருந்து விழுந்து, நீராவிக் குழாயில் பட்டு எகிறி, சால்வென்ட் டேங்கின் அடி வால்வுக்கு ஒரு முழம் தள்ளி வந்து விழுந்ததில் பட்ட காயம் அது.

அப்போது நான் அந்த ரசாயன ஆலைக்குப் பாதுகாப்பு அதிகாரியாக வந்து ஆறு மாதம்கூட ஆகியிருக்காது. கீழே நின்று பெர்மிட்டில் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தேன். மேலே ‘டங்’, அப்புறம் பக்கத்திலேயே ‘டிங்’. “என்னண்ணே சத்தம்?” என்று அண்ணாந்து கேட்டேன். “ஒண்ணுமில்ல சார்” என்றார் ஃபிட்டர். நானும் சரி என்று விட்டுவிட்டேன். டீ நேரம் முடிந்ததும் அவரே வந்தார். சட்டைப் பையிலிருந்து சாக்கெட்டை எடுத்து மேசையில் வைத்தார். “கை நழுவிடுச்சு சார். எழுதிக்குங்க.”

எழுதினேன். விபத்தாக வேண்டியது மயிரிழையில் தப்பினால், எங்கள் தொழிலில் அதற்கு நியர் மிஸ் என்று பெயர். மேலாளர் அந்தத் தாளை இரண்டு முறை புரட்டிப் பார்த்துவிட்டு, “யாருக்கும் அடிபடல, எதுவும் ஒழுகல. அப்புறம் எதுக்கு இதுக்கு ஒரு ரிப்போர்ட்?” என்றார். அவருக்குச் சொல்ல அன்று என்னிடம் நல்ல பதில் இல்லை. பதில் தேடப்போன இடத்தில்தான் இன்னொரு சாக்கெட் அகப்பட்டது.

1980 செப்டம்பர் 18, மாலை. அமெரிக்காவின் ஆர்கன்ஸா மாநிலத்தில் டமாஸ்கஸ் என்றொரு சின்ன ஊர். அதன் அருகே தரைக்கடியில் ஒரு கான்கிரீட் கிணறு. கிணற்றுக்குள் நூறடி உயரமுள்ள டைட்டன் 2 ஏவுகணை. அதன் உச்சியில் 9 மெகாடன் அணுகுண்டு. ஹிரோஷிமாவில் போட்டது சுமார் 15 கிலோடன் என்கிறார்கள். ஒரு மெகாடன் என்பது ஆயிரம் கிலோடன். கணக்குப் போட்டால் அது போல 600.

ஏவுகணையின் ஒரு டேங்கில் அழுத்தம் குறைந்திருந்தது. அதைப் பார்க்க இரண்டு டெக்னீஷியன்கள் போனார்கள். இந்த வேலைக்கு இனி திருகும் விசையை அளந்து காட்டும் டார்க் ரென்ச்தான் என்று அப்போதுதான் விதி மாற்றியிருந்தார்கள். கையில் இருந்ததோ ராட்செட் என்கிற பழைய திருகுக் கருவி. திரும்பிப் போய் எடுத்துவர நேரம் ஆகும். இந்த இடத்தில் எங்கள் ஆலையில் யாரைக் கேட்டாலும் மிச்சக் கதையை அவர்களே சொல்லிவிடுவார்கள். சாக்கெட் கழன்றது. கிட்டத்தட்ட நாலு கிலோ எடை. எண்பது அடி போல விழுந்து, ஏவுகணை உட்கார்ந்திருக்கும் தாங்கியில் பட்டு எகிறி, எரிபொருள் டேங்கைக் கிழித்தது.

அந்த எரிபொருளும், அதை எரிக்கிற ஆக்சிடைசரும் ஒன்றையொன்று தொட்டாலே பற்றிக்கொள்ளும், தீக்குச்சி வேண்டாம். இரண்டையும் ஒரே குழாய்க்குள் மேலும் கீழுமாக நிரப்பி வருடக்கணக்கில் நிறுத்தி வைத்திருந்தார்கள். இப்படி ஒரு கிடங்குக்கு நான் அனுமதி கேட்டுப் போயிருந்தால் தொழிற்சாலை ஆய்வாளர் என்னைக் கதவுக்கு வெளியிலேயே நிறுத்தியிருப்பார்.

எட்டு மணி நேரத்துக்கு மேல் கசிந்தது. கட்டுப்பாட்டு அறையில் இருந்தவர்கள் அவசர வழியாக வெளியேறினார்கள். நள்ளிரவு தாண்டி இருவர் முகமூடி போட்டுக்கொண்டு உள்ளே போய் ஆவியின் அளவைப் பார்த்துவிட்டு வந்தார்கள். அதிகாலை 3 மணி வாக்கில் கிணறு வெடித்தது. 740 டன் எடையுள்ள மூடி பறந்தது. ஒருவர் இறந்தார், 21 பேருக்குக் காயம். அணுகுண்டு வெளியே வீசப்பட்டு, வளாகத்தின் நுழைவாயில் பக்கம் போய்க் கிடந்தது. அது வெடிக்கவில்லை.

மேலாளரிடம் இதைத்தான் பிரின்ட் எடுத்துக் கொடுத்தேன். அடுத்த மாதமே, உயரத்தில் வேலை செய்கிறவர்களின் கருவிகளை இடுப்போடு சேர்த்துக் கட்ட கயிறு வாங்கச் சம்மதித்தார். இதை என் பெரிய சாதனையாகச் சொல்லிக்கொள்வதுண்டு. உண்மையில் கயிறு ரொம்ப மலிவு.

அதிலிருந்து புதிதாகச் சேரும் ஒப்பந்தத் தொழிலாளர்களுக்கு எடுக்கும் வகுப்பில் இந்தக் கதையைச் சொல்லி, நசுங்கிய சாக்கெட்டைக் கையோடு கையாகச் சுற்றவிடுவேன். ஒரு தடவை கடைசி வரிசையிலிருந்து ஒரு பையன் கேட்டான்: “அவ்வளவு பெரிய தீயில குண்டு ஏன் சார் வெடிக்கல?”

நல்ல கேள்வி. தெரிந்த அளவுக்குச் சொன்னேன். அணுகுண்டுக்குள் இருக்கும் புளூட்டோனியத்தையோ யுரேனியத்தையோ சுற்றிச் சாதாரண வெடிமருந்து இருக்கும். அது எல்லாப் பக்கமும் ஒரே நொடியில், நொடியின் லட்சத்தில் ஒரு பங்குகூடப் பிசகாமல் வெடித்து உள்ளே நசுக்கினால்தான் அணுவெடிப்பு. ஒரு பக்கம் மட்டும் பற்றினால் வெடிமருந்து வெடிக்கும், அணு வெடிக்காது. அப்படித்தான் வடிவமைக்க வேண்டும் என்று அமெரிக்க விதி. ஒரே புள்ளியில் பற்றினால் சொல்லும்படியான அணு ஆற்றல் வெளிப்படும் வாய்ப்பு பத்து லட்சத்தில் ஒன்றுக்கும் குறைவாக இருக்க வேண்டும். 1966இல் ஸ்பெயினின் பலோமாரஸ் கிராமத்தின் மேல் இரண்டு விமானங்கள் மோதி நான்கு குண்டுகள் விழுந்தன. இரண்டில் வெடிமருந்து வெடித்து வயல்களில் புளூட்டோனியம் சிதறியது. ஊர் பிழைத்தது, மண் பிழைக்கவில்லை.

பையன் விடவில்லை. “அப்போ அது சேஃப்தானே சார்?”

அன்று அவனுக்குச் சரியாகப் பதில் சொல்லவில்லை. இப்போது கேட்டால் கோல்ட்ஸ்பரோவைச் சொல்வேன். 1961 ஜனவரி 24, வட கரோலினா. பி-52 விமானத்தில் எரிபொருள் ஒழுகி, இறக்கை பிய்ந்து, நடுவானில் உடைந்தது. எட்டுப் பேரில் மூன்று பேர் இறந்தார்கள். விமானத்தில் இருந்த இரண்டு ஹைட்ரஜன் குண்டுகளில் ஒன்று, விமானம் உடைந்ததையே போர்முனையில் வீசப்பட்டதாக எடுத்துக்கொண்டது. பாராசூட் விரிந்தது. வெடிப்பதற்கான படிகள் ஒவ்வொன்றாக நடந்தன. மரத்தில் பாராசூட் சிக்கி, மூக்கு மண்ணில் குத்தி நின்றது. கடைசியில் அதைத் தடுத்தது குறைந்த மின்னழுத்தத்தில் வேலை செய்யும் சாதாரண சுவிட்ச் ஒன்று. 1969இல், அமெரிக்க அணு ஆயுதங்களுக்கான சான்டியா ஆய்வகத்தைச் சேர்ந்த பார்க்கர் ஜோன்ஸ் இதைத் தன் குறிப்பில் எழுதினார். 2013இல்தான் அது வெளியே வந்தது.

என் வேலையில் இதற்கு ஒரு சொந்த அனுபவம் உண்டு. ஒரு டேங்க் நிரம்பினால் பம்ப்பைத் தானாக நிறுத்தும் இன்டர்லாக் அடிக்கடி தொல்லை கொடுத்தது. பேனலைத் திறந்தால் விரல் நீளத்துக்கு ஒரு சிவப்பு ஒயர். யாரோ அதைக் குறுக்கே போட்டு இன்டர்லாக்கை பைபாஸ் செய்திருந்தார்கள். தூசி படிந்திருந்ததைப் பார்த்தால் நேற்று இன்று போட்டதில்லை. அத்தனை நாளும் டேங்க் வழியவில்லை. காரணம், ஓவர்நைட் ஷிப்டில் ஒரு ஆபரேட்டர் நம்பிக்கை இல்லாமல் அளவுகோலை எட்டிப் பார்க்கும் பழக்கக்காரர். மாதாந்தர அறிக்கையில் நாங்கள் எழுதியதோ: ‘இன்டர்லாக் அமைப்பு திருப்திகரம்.’

கோல்ட்ஸ்பரோ குண்டு வெடிக்காததை வைத்துப் பாதுகாப்பு வேலை செய்தது என்று சொல்கிறவர்களைப் படிக்கும்போதெல்லாம் அந்தச் சிவப்பு ஒயர்தான் என் கண்ணில் நிற்கும்.

ஆனால் ஒரு இடத்தில் எங்கள் வேலையும் அவர்கள் வேலையும் அடியோடு பிரிகின்றன. இது எனக்குப் புரியவே பல வருடம் ஆனது. ஆலையில் சந்தேகம் வந்தால் ட்ரிப், அதாவது எல்லாவற்றையும் உடனே நிறுத்திவிடுவது. கரன்ட் போனால் இந்த வால்வு மூடிக்கொள்ள வேண்டும், ஏர் போனால் அந்த வால்வு திறந்துகொள்ள வேண்டும் என்று முன்கூட்டியே முடிவு செய்து வைத்திருப்போம். எந்தப் பக்கம் விழுந்தால் அடி குறைவோ அந்தப் பக்கம் விழட்டும் என்பதுதான் கணக்கு. ஒரு நாள் உற்பத்தி போகும், திட்டு விழும், அவ்வளவுதான். அணுகுண்டுக்கு அப்படி ஒரு பக்கமே கிடையாது. உத்தரவு வந்தால் எப்போதும் வெடிக்க வேண்டும். வராவிட்டால் ஒருபோதும் வெடிக்கக் கூடாது. வெடிக்காமல் போவதும் அவர்கள் கணக்கில் பழுது. ஆகவே நாம் போடச் சொல்லும் ஒவ்வொரு பூட்டும், அதைக் காவல் காக்கும் படைக்காரர் கண்ணில் இடைஞ்சல்.

சான்டியாவில் பாப் பியூரிஃபாய் என்றொரு பொறியாளர் இருந்தார். பழைய குண்டுகளுக்குப் புதிய பாதுகாப்பு அமைப்பு வேண்டும் என்று 1970களிலிருந்து வருடக்கணக்கில் மேலிடத்தோடு மல்லுக்கட்டினார். அவர் தரப்பு யோசனை எளிமையானது. வெடிக்கவைக்கும் மின்சாரம் போகிற வழியில் ஒரு பலமான பூட்டு. அதை ஒட்டியே, தீ பட்டால் முதலில் செத்துப்போகும்படி பலவீனமான ஒரு பாகம். பூட்டு கெடுவதற்குள் வழியே அறுந்துவிடும். நம் வீட்டு ஃபியூஸ் மாதிரி. இருந்தும் பணம் புது ஆயுதங்களுக்கு ஒதுங்கிய வேகத்தில் இதற்கு ஒதுங்கவில்லை. இதைப் படித்தபோது அந்த மனிதர் எனக்கு ஏதோ தூரத்து உறவு மாதிரி இருந்தார். நானும் பட்ஜெட் மீட்டிங்கில் கடைசி ஐந்து நிமிடம் மட்டும் பேசக் கிடைத்தவன்தான்.

எந்தப் பெரிய விபத்தை எடுத்தாலும் வேரில் ஒரு அற்பப் பொருள் கிடக்கும். 1968இல் கிரீன்லாந்தின் தூலே அருகே நான்கு குண்டுகளோடு விமானம் விழுந்ததற்குக் காரணம், சூட்டுக்காற்று வரும் துளைக்கு முன்னால் வைத்த இருக்கை மெத்தைகள். 1980 ஜூனில் சோவியத் ஏவுகணைகள் வருவதாக அமெரிக்கத் திரைகளில் எண்கள் ஓடியதற்குக் காரணம் 46 சென்ட் விலையுள்ள ஒரு சிப். 2007இல் ஆறு அணு ஏவுகணைகளை வெற்று ஏவுகணைகள் என்று நினைத்து விமானத்தில் மாட்டி, வடக்கு டகோட்டாவிலிருந்து லூசியானாவுக்குக் கொண்டுபோனார்கள். ஏறத்தாழ 36 மணி நேரம் அவை எங்கே என்று யாரும் தேடவில்லை, காணாமல் போனதே தெரியாததால்.

நம் பக்கமும் உண்டு. 2022 மார்ச் 9 அன்று ஒரு பிரமோஸ் ஏவுகணை தவறுதலாகக் கிளம்பி, பாகிஸ்தானில் மியான் சன்னு அருகே விழுந்தது. அணு ஆயுதம் இல்லை, யாரும் சாகவும் இல்லை. முதலில் பராமரிப்பின்போது தொழில்நுட்பக் கோளாறு என்றார்கள். ஆகஸ்டில் நடைமுறையை மீறியதாக மூன்று விமானப்படை அதிகாரிகளைப் பணிநீக்கம் செய்தார்கள். இரண்டு நாட்டிடமும் அணுகுண்டு இருக்கிறது. அந்தச் சில நிமிடங்கள் எதிர்ப்பக்கம் ரேடார் முன்னால் உட்கார்ந்திருந்தவர் என்ன நினைத்திருப்பார் என்பதை எந்த நியர் மிஸ் படிவத்திலும் எழுத இடமில்லை.

திரை முன்னால் உட்கார்ந்திருப்பவர் என்றதும் பெட்ரோவ் நினைவுக்கு வராமல் இருக்க மாட்டார். எனக்கு அவரிடம் ஒரு சங்கடம் இருக்கிறது. 1983 செப்டம்பர் 26, நள்ளிரவு கடந்த நேரம். மாஸ்கோவுக்குத் தெற்கே உள்ள கண்காணிப்பு நிலையத்தில் ஸ்டானிஸ்லாவ் பெட்ரோவ் பணியில் இருந்தார். அமெரிக்கா ஏவுகணை விட்டுவிட்டது என்று அலாரம். முதலில் ஒன்று, பிறகு மொத்தம் ஐந்து. போர் தொடங்குகிறவன் ஐந்தே ஐந்தை விட மாட்டான், இந்த அமைப்பும் புதிது, தரை ரேடாரிலும் ஒன்றும் இல்லை என்று யோசித்து, பொய் அலாரம் என்று மேலே சொன்னார். மேகத்தின் உச்சியில் பட்ட சூரிய ஒளியைச் செயற்கைக்கோள் ஏவுகணை என்று எண்ணியிருந்தது. எத்தனை வருடமாக நான் கண்ட்ரோல் ரூமில் கத்தியிருக்கிறேன்: “அலாரம் பொய்னு நீங்களா முடிவு பண்ணாதீங்க!” அவர் எங்கள் ஆலையில் இருந்திருந்தால் நானே மெமோ கொடுத்திருப்பேன். அவருக்கும் திட்டு விழத்தான் செய்தது, அதுவும் லாக் புக்கை ஒழுங்காக எழுதவில்லை என்று.

இந்தக் கதையை வகுப்பில் சொல்வதா வேண்டாமா என்று இன்னும் முடிவு செய்யவில்லை. ஒரு தடவை சொன்னேன். மறுநாள் ஒரு ஆபரேட்டர் கேஸ் அலாரத்தை அமுக்கிவிட்டு, “பெட்ரோவ் சார்” என்று சிரித்தான். அதோடு நிறுத்திவிட்டேன்.

போன வருடம் அந்த ஃபிட்டர் அண்ணன் ரிட்டயர் ஆனார். மாலை போட்டு, போட்டோ எடுத்து முடிந்ததும் என் அறைக்கு வந்தார். “அந்தச் சாக்கெட்டைக் குடுத்துருங்க சார். பேரன் கிட்ட காட்டணும்.” இத்தனை வருட வகுப்புகளில் ஒன்றில்கூட அது யார் கையிலிருந்து விழுந்தது என்று நான் சொன்னதில்லை, அவரும் பின்வரிசையில் உட்கார்ந்து கேட்டுவிட்டுப் பேசாமல் போய்விடுவார். எடுத்துக் கொடுத்தேன்.

வகுப்புக்கு ஒன்று வேண்டுமே. ஸ்டோரில் பழைய 36 எம்எம் ஒன்று கேட்டு வாங்கி வைத்திருக்கிறேன். ஓரத்தைச் சுத்தியலால் நானே ஒரு தட்டுத் தட்டினேன். பையன்கள் அதைக் கையில் வாங்கி, நசுங்கிய இடத்தை விரலால் தடவிப் பார்த்துவிட்டு, மரியாதையாக அடுத்தவனிடம் கொடுக்கிறார்கள்.