கார்டுக்குப் போகிற பையன்

நவம்பர் 29

அக்கா மகன் நேற்று ராத்திரி ஊட்டிக்கு வந்து சேர்ந்தான். கோல்ஃப் பைக்கு பஸ்ஸில் தனியாக லக்கேஜ் டிக்கெட் போட்டுவிட்டார்களாம், அந்தப் புலம்பல் சாப்பிட்டு முடிக்கிறவரை ஓயவில்லை. டிசம்பரில் தாய்லாந்தில், ஹுவா ஹின்னில், ஆசியன் டூர் என்கிற கோல்ஃப் தொடருக்கு ஆள் எடுக்கும் தகுதிப் போட்டி, அதாவது க்யூ ஸ்கூலின் கடைசிக் கட்டம். ஐந்து நாள், 90 குழி, அதில் முதல் 35 பேருக்கும் அவர்களோடு சமமாக நிற்பவர்களுக்கும் அடுத்த வருடத்துக் கார்டு. அதற்கு முன்னால் கொஞ்ச நாள் இங்கே மலையில் மாமா வீட்டில் இருந்து பழகுகிறேன் என்று வந்திருக்கிறான்.

கார்டு கிடைத்தால் மாதம் எவ்வளவு வரும் என்று அக்கா போனில் கேட்கிறாள். என்னத்தைச் சொல்ல? கார்டு என்பது உள்ளே வந்து ஆடலாம் என்கிற அனுமதி, அவ்வளவுதான். விமானம், ஓட்டல், சாப்பாடு, பை தூக்கும் கேடியின் கூலி எல்லாம் கைக்காசு. ஒவ்வொரு போட்டியிலும் வியாழன், வெள்ளி ஆடி முடித்ததும் முதல் 65 பேரும் அதே ஸ்கோரில் நிற்பவர்களும் சனிக்கிழமைக்குப் போவார்கள், மிச்சப் பேர் பெட்டியைக் கட்ட வேண்டியதுதான், பரிசுப் பணத்தில் ஒரு பைசா கிடையாது. டிவியில் நாம் பார்ப்பது ஞாயிற்றுக்கிழமை முன்னணியில் நிற்கிற நாலு பேரை. வெள்ளிக்கிழமை சாயங்காலம் மலிவான டிக்கெட் தேடி போனை நோண்டிக்கொண்டிருப்பவர்களை எந்தக் கேமராவும் காட்டுவதில்லை.

டிசம்பர் 1

ஆறு மணிக்கே ஃபிங்கர் போஸ்ட்டிலிருந்து இறங்கி மைதானத்துக்குப் போனோம், அனுமதி வாங்கியாகிவிட்டது. போனால் உறைபனி. ஃபேர்வே என்கிற வெட்டின புல்தரை முழுக்க உப்பைத் தூவின மாதிரி கிடக்கிறது. பையன் அவசரத்தில் நேராக, குழி இருக்கிற கிரீனில் ஏறப் போனான், சட்டையைப் பிடித்து நிறுத்தினேன். உறைந்த புல்லை மிதித்தால் இலை உள்ளே நொறுங்கிவிடும், அப்போதைக்கு ஒன்றும் தெரியாது, பிறகு கால் வைத்த இடமெல்லாம் ஷூ வடிவத்தில் கறுத்துப் பழுப்பாகும், பட்ட புல் எழுந்திருக்க நாள் பிடிக்கும். வெயில் ஏறி கிரீன் ஈரமாகிப் பளபளக்கிற வரைக்கும் ஓரத்தில் நின்று டீ குடித்தோம், தொட்டுக்கொள்ள வர்க்கி. ஓரப் புதரில் கோர்ஸ் (gorse) என்கிற முள்செடி மஞ்சளாகப் பூத்திருக்கிறது. வெள்ளைக்காரன் கொண்டுவந்து நட்ட முள், பந்து உள்ளே போனால் கையை விட்டுத் தேடக்கூட முடியாது.

டிசம்பர் 3

இன்று ஒரே சண்டை, யார்டு பற்றி, அதாவது பந்து போகிற தூரம் பற்றி.

சமவெளியில் இவனுடைய ஏழாம் நம்பர் அயர்ன் மட்டையில் பந்து 160 யார்டு போகும். இங்கே வெயில் வந்தபின் 180 தாண்டுகிறது. 7,300 அடி உயரத்தில் காற்று லேசு, பந்தைப் பிடித்து இழுக்க ஆளில்லை. ஆயிரம் அடிக்கு இரண்டு சதவீதம் என்று தோராயமாகக் கணக்கு வைத்துக்கொள்ளலாம், விடியற்காலைக் குளிரில் அதிலும் கொஞ்சம் குறையும். பையனுக்கு ஒரே குஷி, வீடியோ எடுத்து நண்பர்களுக்கு அனுப்பிக்கொண்டிருக்கிறான். டேய், ஹுவா ஹின் கடலோரம், இந்த யார்டைத் தலையில் ஏற்றிக்கொண்டு அங்கே போனால் எல்லாப் பந்தும் கிரீனுக்கு முன்னால் தண்ணீரில்தான் விழும் என்றேன். முகத்தைத் தூக்கிக்கொண்டான். நாளையிலிருந்து பெரிய ஸ்டிக் எதுவும் வெளியே வரக்கூடாது, 50 யார்டுக்குள் சிப் (கிரீனுக்குத் தூக்கிப் போடுவது), பட் (கிரீனில் உருட்டுவது), பங்கர் (மணல் குழி), அதுமட்டும்தான் என்று சொல்லிவிட்டேன். அந்த 50 யார்டு எந்த ஊரில் போனாலும் ஏறக்குறைய 50 யார்டுதான்.

டிசம்பர் 4

மழை. கடையிலேயே இருந்தோம்.

ராத்திரி பேச்சு கோல்ஃப் வீரர் எஸ்.எஸ்.பி. சௌராசியா பக்கம் போனது. அப்பா ராயல் கல்கத்தா கோல்ஃப் கிளப்பில் கிரீன் பராமரிக்கிறவர், இவர் அந்தப் புல்லிலேயே வளர்ந்தவர். ஆள் உயரம் கிடையாது, தூரமும் பெரிதாக அடிக்க மாட்டார், ஆனால் கிரீன் பக்கத்தில் விட்டால் சிப், பட் இரண்டிலும் அவரை அசைக்க முடியாது. இந்தியன் ஓப்பனில் நாலு தடவை இரண்டாமிடம், அதில் 2015-ல் அனிர்பன் லாஹிரியிடம், சமநிலையை முறிக்கும் பிளே-ஆஃபில் போனது. அப்புறம் 2016-ல் ஜெயித்தார், 2017-லும் ஜெயித்தார். நாலு முறை அப்படித் தோற்றவன் ஐந்தாவது முறை ஆரம்ப அடி அடிக்கிற இடத்தில் எப்படிக் கை நடுங்காமல் நிற்கிறான் என்பதுதான் எனக்குப் புரியாத விஷயம். பெங்களூரு முனியப்பாவும் பை தூக்கி வந்தவர்தான், 2009-ல் அதே இந்தியன் ஓப்பன் அவருக்கு.

பையனுக்குப் பிடித்தது அர்ஜுன் அட்வால். 2010-ல் அமெரிக்காவின் பெரிய கோல்ஃப் தொடரான பிஜிஏ டூரின் கார்டு கையை விட்டுப் போய்விட்டது. விண்டம் சாம்பியன்ஷிப்புக்கு திங்கட்கிழமை தகுதி ஆட்டம் ஆடித்தான் உள்ளே நுழைந்தார், அந்த ஞாயிற்றுக்கிழமை கோப்பையைத் தூக்கினார். பிஜிஏ டூரில் ஜெயித்த முதல் இந்தியர். சரி, கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அதற்கு முன்னால் அவர் எத்தனை வருடம் ஆசியாவிலும் ஐரோப்பாவிலும் ஆடினார் என்பதைப் பையன் சொல்லவே மாட்டேன் என்கிறான்.

டிசம்பர் 8

மாமா, நீங்களே வந்து பை தூக்குங்கள் என்கிறான். டிக்கெட் அவனே போடுவானாம்.

முடியாது என்றேன். முழங்கால் ஒரு காரணம், ஆனால் பெரிய காரணம் புல். இந்த மைதானத்தில் எந்தச் சரிவு பந்தை எங்கே தள்ளும் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வேன். அங்கே பெர்முடா மாதிரியான வெப்ப தேசத்துப் புல், ஒரு பக்கமாகப் படுத்து வளரும். படுத்திருக்கிற திசையில் அடித்தால் பந்து ஓடும், எதிர்த்து அடித்தால் பாதியில் நிற்கும். ஒரு பக்கமிருந்து பார்த்தால் புல் மினுங்கும், மறுபக்கமிருந்து பார்த்தால் இருட்டாகத் தெரியும், அதை வைத்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும். தாய்லாந்தில் கேடி வேலை பார்ப்பவர்கள் பெரும்பாலும் பெண்கள், தினமும் அந்த கிரீனிலேயே நடக்கிறவர்கள், அவர்களில் ஒருவரை வைத்துக்கொள், அவர் காட்டுகிற கோட்டில் அடி என்றேன். சொந்தக்காரன் பை தூக்கினால் இன்னொரு தொல்லை, மூன்றாவது குழியில் போகி, அதாவது ஒரு அடி கூடுதலாக, விழுந்தால் பதினெட்டாவது வரைக்கும் சண்டை நடக்கும்.

அக்காவுக்குக் கோபம். தம்பி துணைக்குப் போகமாட்டேன் என்கிறானே என்று.

டிசம்பர் 21

கிடைக்கவில்லை. நாலாவது நாள் முடிவில் உள்ளேதான் இருந்தான். இன்று கடைசி நாலு குழியில் இரண்டு போகி, கார்டு கிடைக்கிற கோட்டுக்கு இரண்டு ஸ்ட்ரோக் வெளியே.

போனில் அழவில்லை, அதுவே பெரிது. பதினாறாவதில் மூன்று பட் ஆகிவிட்டதாம். அந்தக் கேடி அக்கா சொன்ன லைனில்தான் அடித்தேன் மாமா, எதிர்ப் புல் என்றும் சொன்னார், ஆனாலும் கை வேகத்தைக் குறைத்துவிட்டது என்றான். அதற்கு மேல் நான் ஒன்றும் கேட்கவில்லை. ஐந்து நாளில் தண்ணீரில் ஒரே ஒரு பந்துதானாம்.

இனி உள்நாட்டு பிஜிடிஐ டூர்தான். அது ஒன்றும் கீழான வழி இல்லை. 2023-ல் அதன் தரவரிசையில் முதலிடம் பிடித்த மாவ் ஊர்க்காரர் ஓம் பிரகாஷ் சௌஹானுக்கு டிபி வேர்ல்ட் டூர் கார்டே கிடைத்தது, அதாவது ஐரோப்பிய டூர். முதலிடம் பிடிப்பது லேசா என்றால் இல்லை. ஆனால் ரயிலில் போய் ஆடலாம், நண்பர்கள் நாலு பேர் ஒரே ரூமில் தங்கலாம், வெள்ளிக்கிழமையோடு வெளியேறினாலும் அடி கொஞ்சம் சின்னது.

முதல் மூன்று போட்டிக்கு என்ன செலவாகும் என்று எழுதி அனுப்பச் சொல்லியிருக்கிறேன். பாதி நான் தருவேன். மீதிப் பாதிக்கு அக்காவிடம் பேச வேண்டும், அவள் இன்னும் என் மேல் கோபமாகத்தான் இருக்கிறாள்.