பிறைக் கணக்கில் ஏழு வயது

மணவிலக்குப் பெற்ற என் தங்கையின் மகனுக்குப் பள்ளிச் சான்றிதழின்படி ஏழு வயது நிறைய இன்னும் இரண்டு மாதத்துக்கு மேல் இருந்தபோது, மேட்டுப்பாளையத்திலிருந்து அவனுடைய அத்தாவும் (தகப்பனும்) பெரியத்தாவும் கோத்தகிரிக்கு வந்து, பிறைக் கணக்கில் பையனுக்கு ஏழு முடிந்துவிட்டது, அனுப்பிவையுங்கள் என்றார்கள். அவர்கள் போன பிறகு நான் காலண்டரை வைத்துக் கூட்டிப் பார்த்தேன். பிறை ஆண்டு ஆங்கில ஆண்டைவிட ஏறத்தாழ 11 நாள் குறைவு என்பதால் ஏழு ஆண்டுக்குச் சுமார் 76 நாள் வித்தியாசம் வருகிறது. கணக்கில் பிழையில்லை.

ராவுத்தர்களாகிய நாங்கள் ஹனஃபி மத்ஹபை, அதாவது அந்த இஸ்லாமியச் சட்ட மரபைச் சேர்ந்தவர்கள். மணவிலக்குக்குப் பிறகு மகன் ஏழு வயது வரையிலும் மகள் பருவமடையும் வரையிலும் தாயிடம் வளர்வதை அதில் ஹிஸானத் என்பார்கள். அந்தக் காலத்திலும் பிள்ளையின் வலீ, அதாவது காப்பாளர், தகப்பன்தான், செலவும் அவர் பொறுப்பே. மலையின் மறுபக்கம் கூடலூரில் ஷாஃபி மத்ஹபைப் பின்பற்றும் மலையாள முஸ்லிம் குடும்பங்களில், அந்த வயதில் விவரம் தெரிந்த பிள்ளையே தாயையோ தந்தையையோ தேர்ந்துகொள்ளலாம் என்பது அவர்களுடைய சட்டநூல்களின் கருத்து. எனக்கு அதுவே நியாயமாகப் பட்டது. ஆனால் வசதிக்காக மத்ஹபை மாற்றிக்கொள்ள முடியுமா?

பையன் கோத்தகிரியில் வசித்துப் படிப்பதால், அவன் யாரிடம் இருப்பது என்பது பற்றிய மனு உதகை நீதிமன்றத்தில்தான் விசாரணைக்கு வந்தது. 1937ஆம் ஆண்டின் ஷரீஅத் சட்டம் காப்பாளர் விவகாரத்தைத் தனிநபர் சட்டத்திடம் விட்டாலும், 1890ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டத்தின் 17ஆவது பிரிவு குழந்தையின் நலனையும், போதிய விவரம் வந்திருந்தால் அதன் விருப்பத்தையும் பார்க்கச் சொல்கிறது. நீதிபதி பையனைத் தனியே அழைத்துப் பேசினார். திரும்பும் பஸ்ஸில் குரங்குக் குல்லாயைக் கழற்றிக்கொண்டே, "ஷூ நாடாவை யார் கட்டிவிடுவாங்கன்னு கேட்டாரு மாமா, நானே கட்டிக்குவேன்னு சொன்னேன்" என்றான். வேறு என்ன கேட்டார் என்பதை அவன் இன்றுவரை சொல்லவில்லை.

பையன் தாயிடமே இருக்க வேண்டும், ஞாயிறுதோறும் தகப்பன் அழைத்துச் செல்லலாம் என்று உத்தரவானது. பிறகு எழுந்தது பணத் தகராறு. மணவிலக்கான முஸ்லிம் பெண்களுக்கான 1986ஆம் ஆண்டுச் சட்டத்தில் குழந்தைக்கு இரண்டு வயது வரைதானே ஜீவனாம்சம் என்று யாரோ தகப்பன் வீட்டாருக்குச் சொல்லியிருந்தார்கள். அந்த இரண்டு ஆண்டு தாய்க்குரிய தனி உரிமை என்றும், பிள்ளைக்கான ஜீவனாம்சம் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125ஆவது பிரிவின்படி அதற்குப் பிறகும் தொடரும் என்றும் 1997இலேயே நூர் சபா காத்தூன் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்துவிட்டது. இன்று அது, அந்த நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த புதிய சட்டத்தின் 144ஆவது பிரிவு. தீர்ப்பின் நகலைக் காட்டியதும் மாப்பிள்ளை மறுபேச்சின்றி ஒப்புக்கொண்டார். அவர் கெட்டவர் அல்லர்.

இப்போது ஞாயிற்றுக்கிழமை முதல் பஸ்ஸிலேயே வந்துவிடுகிறார். தங்கை வாசலுக்கு வருவதில்லை. கீழே மேட்டுப்பாளையத்து வெயிலில் தேவைப்படாது என்று தெரிந்தும், பையனின் ஸ்வெட்டரை மடித்து என்னிடம் கொடுத்தனுப்புகிறாள்.